வேலி இல்லாத காணி

அப்பாவின் முப்பத்தோராம் நாள் வரும் ஞாயிற்றுக்கிழமை. தம்பி என்னிடம் இரண்டு வேலை தந்திருக்கிறான். ஒன்று, கல்வெட்டுக்கு ஒரு பக்கம் எழுத வேண்டும். மற்றது, படையலுக்கு யாம் கிழங்கு அவித்துக்கொண்டு வர வேண்டும். இரண்டையும் அவன் கேட்டபடி நான் செய்யப்போவதில்லை. ஏன் என்று அவனுக்குச் சொல்லிப் பார்த்தேன், காதில் ஏறவில்லை. அதனால் உங்களுக்குச் சொல்கிறேன். நீங்கள் என் வயதுக்காரர். அறுபதைத் தொட்டுக்கொண்டோ தாண்டியோ, இந்த மொன்றியல் பனியில் முழங்காலைப் பிடித்துக்கொண்டு நடக்கிறவர்கள். ஞாயிற்றுக்கிழமை மண்டபத்துக்கு வந்து சாப்பிடப்போகிறவர்களும் நீங்கள்தான்.

கல்வெட்டைப் பற்றி உங்களுக்கு நான் சொல்லித் தரத் தேவையில்லை. செத்தவரின் படத்தை முன்னட்டையில் போட்டு, தேவாரத்துக்கும் நன்றி நவிலலுக்கும் நடுவில் அவருடைய பிறப்பு, குலம், பெருமை எல்லாவற்றையும் அடுக்கி அச்சடித்து, கை கழுவிவிட்டு வருகிறவர்களிடம் ஆளுக்கொன்று கொடுத்துவிடுவோம். அதில் பொய் இருக்கும் என்பது எல்லாருக்கும் தெரியும். ஊரோடு சண்டை பிடித்தவர் அதில் சாந்த சொரூபி ஆகிவிடுவார். எச்சில் கையால் காகம் விரட்டாதவர் கொடைவள்ளல் ஆகிவிடுவார். அதையெல்லாம் நான் பொறுத்துக்கொள்வேன். தம்பி தொலைபேசியில் வாசித்துக் காட்டிய ஒரு வரியைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

“அக்கா, தொடக்கம் நான் எழுதியிட்டன், கேளுங்கோ. ‘ஆளில்லாக் காட்டை அளந்து, ஒரு நாட்டுக்கே தலைநகரம் எழுப்பிய பெருமகன்.’ எப்பிடி இருக்கு?”

“ஆளில்லாக் காடு எண்டு உனக்கு ஆர் சொன்னது?”

“அப்பாதானே எப்பவும் சொல்லுறவர்.”

“நீ அப்ப மூக்குத் துடைக்கத் தெரியாத வயசு. நான் பத்து வயசுப் பிள்ளை, எல்லாம் பாத்தனான். அங்க ஆக்கள் இருந்தவை.”

“ஐயோ அக்கா, செத்தவீட்டு நேரத்தில ஏன் உந்தக் கதை? நீங்கள் மிச்சத்தை எழுதித் தாங்கோ. கிழங்கை மறந்திடாதேங்கோ. அப்பாவுக்கு உயிர் எல்லே அது.”

என் தம்பி நல்லவன்தான். இல்-பிசார் தீவில் தனி வீடு, முன்னால் புல், பின்னால் நீச்சல் குளம். பக்கத்து வீட்டுக் கெபெக்குவா, இந்த மாகாணத்துப் பிரெஞ்சுக்காரக் கிழவர், நட்ட சீடர் மர வேலி தன் பக்கம் ஒரு அடி வந்துவிட்டது என்று மூன்று கோடையாக அவரோடு கதை பேச்சில்லை. எல்லை அளக்க ஆள் பிடித்து, சட்டத்தரணியும் பிடித்துவிட்டான். ஒரு அடி மண்ணுக்கு இந்தப் பாடு. அவன் ரத்தத்தில் ஊறியது அது. உங்களுக்கும் ஊறியதுதான், சிரிக்காதீர்கள். ஊரில் வேலிக் கதியால் ஒரு சாண் தள்ளிப் போட்டதற்காக அண்ணன் தம்பி கோடேறி வழக்காடி, பிறகு ஒருவர் செத்தவீட்டுக்கு மற்றவர் போகாமல் விட்ட கதை உங்களில் யார் வீட்டில் இல்லை?

அந்த ரத்தத்தோடுதான் அப்பா நைஜீரியாவுக்குப் போனார்.

அப்பா நில அளவையாளர். எழுபதுகளின் கடைசியில் எங்கள் ஆட்கள் கூட்டம் கூட்டமாக நைஜீரியாவுக்குப் போனது உங்களுக்கு ஞாபகம் இருக்கும். பெரும்பாலும் வாத்திமார். அப்பாவுக்குக் கிடைத்தது வேறு வேலை. அந்த நாட்டின் தலைநகரம் அப்போது லாகோஸ், கடற்கரையில், சனம் நெரிந்து கிடந்த பட்டினம். அதை விட்டுவிட்டு நாட்டின் நட்ட நடுவில் புதிதாக ஒரு தலைநகரம் கட்டுவது என்று அரசு முடிவெடுத்திருந்தது. வடக்கனும் மேற்கனும் கிழக்கனும் தன்னுடையது என்று சண்டை பிடிக்கக்கூடாது. அதனால் யாருக்கும் சொந்தமில்லாத இடமாகப் பார்த்துத் தெரிவுசெய்தோம் என்றார்கள். யாருக்கும் சொந்தமில்லாத இடம். இந்தச் சொல்லை நான் பத்து வயதில் சோற்றோடு சேர்த்து விழுங்கினேன். விருந்துக்கு வருகிறவர்களிடமெல்லாம் அப்பா அதையே சொல்வார். அந்த நகரத்துக்கு வைத்த அபூஜா என்ற பெயர்கூடப் பக்கத்தில் இருந்த ஒரு பழைய ஊரின் பெயர். பெயரைக் கொடுத்துவிட்டு அந்த ஊர் தனக்கு வேறு பெயர் வைத்துக்கொள்ள வேண்டி வந்தது. பெயரையே அப்படி எடுத்தவர்கள் மண்ணை எப்படி எடுத்திருப்பார்கள் என்று அப்பா ஒரு நாளாவது யோசித்திருக்கலாம்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது அங்கே நகரம் இல்லை. வீதிகள் மட்டும் இருந்தன. நான்கு லொறி ஒன்றாகப் போகக்கூடிய அகலத்தில், சிவந்த மண்ணைக் கீறிக்கொண்டு, ஒரு வீடும் இல்லாத இடத்திலிருந்து ஒரு வீடும் இல்லாத இடத்துக்குப் போகிற வீதிகள். அதில் ஆடுகள் படுத்துக் கிடக்கும். தூரத்தில் ஒற்றைப் பாறையாக ஒரு மலை. எங்களுக்குத் தந்தது வேலைக்காரர் முகாமில் ஒரு தகரப் பெட்டி வீடு. மாலையில் ஜெனரேட்டர் உறுமத் தொடங்கினால் ஒருவர் கதைப்பது ஒருவருக்குக் கேட்காது. வருட முடிவில் பாலைவனத்திலிருந்து தூசிக் காற்று அடிக்கும். உதடு வெடிக்கும், தண்ணீர்க் குடத்தில் மாவாகத் தூசி படியும், துடைத்த மேசையில் திரும்பவும் விரலால் பெயர் எழுதலாம். அம்மா நாள் முழுக்கத் துடைத்துக்கொண்டே இருந்தா. துடைப்பதும் ஊரை நினைத்து அழுவதுமாக அந்த முதல் மாதங்கள் போயின.

மண்ணெண்ணெய் ஒழுங்காக வராது. அதனால் அம்மாவுக்கு விறகு தேவைப்பட்டது. விறகு கொண்டுவந்தவ முகாமுக்கு அப்பால் இருந்த கிராமத்துப் பெண். குவாரி என்று வெளியார் சொல்கிற சனம். தங்களை அவர்கள் க்பாகி என்று சொல்வார்கள். அந்தச் சனத்துப் பெண்கள் எவ்வளவு பாரமானாலும் தலையில் வைக்கமாட்டார்கள். தலை மதிப்பானது, அதில் சுமை ஏற்றக்கூடாது என்பது அவர்களின் வழக்கம். விறகுக்கட்டோ தண்ணீரோ எல்லாம் ஒரு தோளில்தான். ஒரு பக்கம் சரிந்து, ஒரு கையால் பிடித்துக்கொண்டு, கட்டையான அந்த மனுசி வேகமாக நடந்து வருவதைத் தூரத்திலேயே அடையாளம் கண்டுவிடுவேன். வாசலில் நின்று “சன்னு!” என்று கூப்பிடுவா. அது ஹௌசா மொழியில் வணக்கம். அம்மாவும் தெரிந்த ஒரே சொல்லாகத் திரும்பச் “சன்னு” சொல்லுவா. பிறகு இரண்டு பேரும் கையாலும் முகத்தாலும் கதைப்பார்கள். அம்மாவுக்கு அங்கே கிடைத்த முதல் சிநேகிதி அவதான். அந்த ஊரின் ஒரு மசாலா உருண்டையை அம்மாவுக்குத் தந்ததும் அவதான். மரத்துக் காயின் கொட்டையை அவித்துப் புளிக்க வைத்துச் செய்வது. கருவாட்டு மணம் மணக்கும். முதல் நாள் மூக்கைப் பொத்திய அம்மா பிறகு அது இல்லாமல் குழம்பு வைத்ததில்லை.

அவவுடைய மகள் என் வயது. நான் ஹௌசா பழகியது அவளிடம்தான். பள்ளிக்கூடம் இல்லாத அந்தக் காலத்தில் நாங்கள் இரண்டு பேரும் விளையாடியது முகாமுக்குப் பின்னால் இருந்த வெளியில். இடுப்பளவு புல், அங்கங்கே பற்றை. புல்லுக்குள்ளே வரிசை வரிசையாகச் சிறு மேடுகள். ஒரு மேட்டிலிருந்து அடுத்த மேட்டுக்குக் கால் நிலத்தில் படாமல் பாய வேண்டும், அதுதான் விளையாட்டு. மேடுகள் எங்கள் கால் எட்டுகிற தூரத்தில் அளந்து வைத்ததுபோல் இருந்தன. ஏன் இப்படி என்று கேட்டபோது அவள் என்னை முட்டாள் மாதிரிப் பார்த்தாள்.

“கிழங்கு நட்ட மேடு. நிலம் இப்ப இளைப்பாறுது. அடுத்த மழைக்கு எழுப்புவம்.”

யாம் என்பது எங்கள் இராசவள்ளிக் கிழங்குக்குப் பெரியண்ணன். கையளவும் வரும், காலளவும் வரும். மண்ணைக் குவித்து மேடாக்கி அதற்குள் விதைக்கிழங்கை நடுவார்கள். சில வருடம் நட்ட நிலத்தைப் பிறகு சில வருடம் சும்மா விட்டுவிடுவார்கள். அந்த வருடங்களில் வேறு துண்டில் நடுவார்கள். பத்து வயதுப் பிள்ளைக்கு இது விளங்கிவிட்டது. விளங்காதது படித்த ஒரு மனிதருக்கு.

அவரையும் ஒரு பக்கம் யோசித்துப் பார்க்கிறேன். யாழ்ப்பாணத்தில் எந்த நிலம் இளைப்பாறியிருக்கிறது? வெங்காயம் கிண்டிய மறுநாள் புகையிலைக்குக் கொத்துவார்கள். புகையிலை வெட்டியதும் மிளகாய். ஒரு பரப்புக் காணியைச் சும்மா விட்டவனை ஊர் சோம்பேறி என்று சிரிக்கும். காணி என்றால் நாலு பக்கமும் வேலி, வேலியில் கதியால், கதியாலில் தென்னோலைக் கிடுகு. வேலி இல்லாதது காணியே இல்லை, அது மாடு மேய்கிற தரவை. அப்பாவின் கண் அப்படிப் பழகிய கண். ஆனால் பிழையாகப் பழகிய கண்ணுக்கு யாராவது சரியானதைக் காட்டினால் பார்க்க வேண்டுமா, இல்லையா? அவருக்குக் காட்டினார்கள். நான் அருகில் நின்றேன்.

அப்பாவின் வேலை இதுதான்: கிராமத்தைச் சுற்றியுள்ள நிலத்தை அளந்து, சிவப்பு மை பூசிய தலையுள்ள மரக்கட்டைகளை அடித்து, பிறகு படத்தில் நிறம் தீட்டுவது. பயிர்நிலம் மஞ்சள். பற்றைக்காடு பச்சை. கிராமத்தை எழுப்பி வேறு இடத்துக்குக் கொண்டுபோகும்போது, மஞ்சளில் வந்த காணிக்காரருக்குப் புது இடத்தில் தோட்டக்காணி கிடைக்கும். பச்சையில் வந்தவருக்குக் குடியிருக்க வீடு மட்டும். எது மஞ்சள், எது பச்சை என்பதை அப்பாதான் தீர்மானித்தார். மேலே இருந்த வெள்ளைக்கார அதிகாரிகள் குளிரூட்டிய அறையை விட்டு வெளியே வரவே இல்லை. அவர் எதைத் தீட்டினாலும் அதில் கையெழுத்துப் போட்டிருப்பார்கள்.

நாங்கள் பாய்ந்து விளையாடிய வெளியில் சிவப்புத் தலைக் கட்டைகள் வந்தன. இரண்டு மூன்று நாள் கழித்து ஒரு காலை விறகுக்கார அம்மா வந்தா. தோளில் விறகு இல்லை. பிடுங்கிய கட்டைகள் இருந்தன. ஒன்றும் விடாமல் எல்லாவற்றையும் கொண்டுவந்து எங்கள் படியடியில் அடுக்கினா, மண் தட்டி, தலைகள் எல்லாம் ஒரு பக்கம் பார்க்க. பிறகு நிமிர்ந்து அப்பாவைப் பார்த்துச் சொன்னா:

“இவை உன்னுடையவை. எங்கள் நிலத்தில் கிடந்தன.”

அப்பாவின் அலுவலக வண்டிச் சாரதி, ஹௌசா தெரிந்தவன், அதை ஆங்கிலத்தில் சொன்னான். அப்பா விழுந்து விழுந்து சிரித்தார்.

“இஞ்சேரும், வந்து பாரும்! துலைஞ்சுபோன சாமான் எண்டு நினைச்சுப் பாவம் தூக்கிக்கொண்டு வந்திருக்கிறாள்.”

அம்மாவும் சிரித்தா. நேர்மையான மனுசி என்று சொல்லி உள்ளே போய் ஒரு பெட்டி கட்டிச்சீனி கொண்டுவந்து கையில் கொடுத்தா. அந்த அம்மா சீனிப் பெட்டியைப் பார்த்தா. பிறகு எங்களைப் பார்த்தா. பெட்டியைக் கட்டைகளுக்கு மேல் வைத்துவிட்டுப் போய்விட்டா. பின்னேரம் அதில் எறும்பு மொய்த்திருந்தது. எனக்கு அன்றைக்கே அது சிரிக்கிற விஷயமாகப் படவில்லை. இப்போதுதான் அதற்குச் சொல் இருக்கிறது. ஒரு பெண் வீட்டு வாசலுக்கு வந்து, என் காணியை விட்டு வெளியே போ என்று இதைவிட மரியாதையாகச் சொல்ல முடியாது. எங்கள் ஆட்கள் அதற்குச் சீனி கொடுத்தார்கள்.

அப்பா கட்டைகளைத் திரும்ப அடித்தார். அவ திரும்பப் பிடுங்கிக் கொண்டுவந்தா. இந்த முறை அப்பா சிரிக்கவில்லை. காவலாளியைக் கூப்பிடப் போனவரை அம்மாதான் மறித்தா. “என்ன சொல்லுறாள் எண்டு ஒருக்காப் போய்ப் பாருங்கோவன்” என்றா. அப்பா புறுபுறுத்துக்கொண்டு சாரதியையும் கூட்டிக்கொண்டு போனார். நானும் மகளும் பின்னால் ஓடினோம்.

அந்த அம்மா எல்லையைச் சுற்றி நடந்து காட்டினா. ஒரு பக்கம் ஆமை முதுகாகக் கவிழ்ந்த ஒரு பாறை. அதை உள்ளங்கையால் தட்டினா. அங்கிருந்து ஒரு பெரிய மரம், சிவப்புப் பந்து பந்தாகப் பூக்கிற மரம், அம்மாவுக்குத் தந்த மசாலா அதன் காயிலிருந்துதான் வந்தது, அதையும் தட்டினா. அங்கிருந்து வற்றிக் கிடந்த ஓடை. ஓடைக்குள் இறங்கி ஒரு கல்லைத் தொட்டா. தன் புருசனின் தகப்பன் காலத்திலிருந்து தங்களுடையது என்றா. நிலம் இளைப்பாறுகிறது, அடுத்த மழைக்கு நடுவோம் என்றா. சாரதி அதைச் சொல்லி முடிக்க முன்னமே அப்பா ஒரு மேட்டில் தடக்கி முழங்காலில் விழுந்தார்.

“சீ, என்ன மேடும் பள்ளமும்! மனுசர் நடக்கிற இடமே இது?”

“அப்பா, அது கிழங்கு மேடு,” என்றேன். “இவையள் நட்டது.”

“பெரியாக்கள் கதைக்கேக்கை வாயைப் பொத்திக்கொண்டு நில்.”

காற்சட்டையில் ஒட்டிய மண்ணைத் தட்டிக்கொண்டு எழும்பினார். அந்த மண்ணைக் குவித்தவவின் முன்னால் நின்று அதைத் தட்டினார். பிறகு சாரதியிடம் கேட்டார்:

“வேலி எங்க எண்டு கேள். வேலி இல்லாமல் எப்பிடி ஒராளின்ர காணி? அப்பிடியெண்டால் நாளைக்கு நானும் வந்து அந்த மலை என்ர எண்டு சொல்லலாமே!”

வேலி என்ற சொல்லை எப்படி மொழிபெயர்ப்பது என்று சாரதி திண்டாடினான். ஆட்டுக்குப் போடுகிற அடைப்பின் சொல்லைச் சொன்னான். அந்த அம்மா குழம்பிப்போய், “எங்களுக்கு இங்கே ஆடு இல்லையே” என்றா. அப்பாவும் சாரதியும் சிரித்தார்கள். அன்று இரவுச் சாப்பாட்டுக்கு முதல் அப்பா மேசையில் படத்தை விரித்து, தூரிகையைத் தண்ணீரில் தோய்த்து, அந்த வெளி முழுவதற்கும் பச்சை தீட்டினார். நல்ல கை அவருக்கு. கோட்டுக்கு வெளியே ஒரு சொட்டுப் போகவில்லை. விளிம்பு காயும்வரை வாயால் ஊதிக்கொண்டிருந்ததை நான் பார்த்தேன்.

தூசிக் காலம் முடிவதற்குள் லொறிகள் வந்தன. கிராமத்தை ஏற்றிக்கொண்டு போயின. கட்டில், கோழி, அம்மி, பானை, பிள்ளைகள் எல்லாம் ஒரே லொறியில். மகள் லொறியின் பின்பக்கம் நின்றாள். கை காட்டவில்லை. அவளுக்கு நான் கொடுத்த என் ரிப்பன் தலையில் இருந்ததா என்று எத்தனையோ முறை யோசித்திருக்கிறேன்; ஞாபகம் வருவதில்லை. தகரக் கூரை போட்ட வீடுகள் வரிசையாக அவர்களுக்குக் காத்திருக்கின்றன, அதிர்ஷ்டசாலிகள் என்று அப்பா சொன்னார். தோட்டம் கிடைக்காதவர்களைப் பற்றிச் சொல்லவில்லை.

பிறகு எங்களுக்கு வீடு கிடைத்தது. தகரப் பெட்டியை விட்டு, உத்தியோகத்தருக்கென்று அவசர அவசரமாகக் கட்டிய புது வீட்டுக்குப் போனோம். தண்ணீர்க் குழாய், சீமெந்துத் தரை, யன்னலுக்கு நுளம்பு வலை. அம்மா குழாயைத் திறந்து திறந்து பார்த்துச் சந்தோசப்பட்டா. நான் பின்பக்கம் போனேன். அங்கே அந்த மரம் நின்றது. முன்பக்கம் ஓடினேன். ஆமை முதுகுப் பாறை. தம்பி அதில் ஏறிச் சறுக்கிக்கொண்டிருந்தான். தம்பி, நீ சறுக்கினாய். சறுக்கிச் சறுக்கி உன் காற்சட்டை கிழிந்து அம்மா அடித்தா.

அப்பாவுக்குத் தெரியாமல் இருந்திருக்கும் என்று சிலர் சொல்லக்கூடும். அந்தப் பாறையை முக்காலியில் பூட்டிய கருவியால் ஒற்றைக் கண்ணை மூடிப் பார்த்து அளந்தவர் அவர். தெரியாமலா இருக்கும்?

அந்த வீட்டுக்குப் போன முதல் கிழமை அப்பா என்ன செய்தார் தெரியுமா? வேலி போட்டார். அரசாங்க வீடு, இரண்டு வருட ஒப்பந்தம், பக்கத்தில் இருந்த எந்த வெள்ளைக்காரன் வீட்டுக்கும் வேலி இல்லை. யாழ்ப்பாணத்தானுக்கு வேலி இல்லாமல் நித்திரை வராதே! மிச்சம் கிடந்த சிவப்புத் தலைக் கட்டைகளை வரிசையாக நட்டு, கம்பி இழுத்து, சந்தையில் வாங்கிய புல் பாயைக் கிடுகுபோல் கட்டினார். வேலை முடிந்ததும் இடுப்பில் கை வைத்து நின்று பார்த்தார்.

“இப்பதான் பாக்க ஒரு வளவு மாதிரிக் கிடக்கு,” என்றார்.

முதல் மழை வந்தது. அந்த மழையின் மணத்தை எப்படிச் சொல்வது? மாதக்கணக்காகக் காய்ந்த செம்மண் ஒரே நேரத்தில் நனையும்போது வருகிற மணம், நாக்கில்கூடத் தெரியும். அடுத்த நாள் காலையில் “சன்னு” என்று குரல் கேட்டது.

விறகுக்கார அம்மா வேலிக்கு வெளியே நின்றா. ஒரு தோளில் கூடை, கூடைக்குள் விதைக்கிழங்கு. மற்றக் கையில் மண்வெட்டி. முழங்கால் வரை சேறு. புது இடம் நடை தூரம் இல்லை. எப்போது புறப்பட்டிருப்பாவோ தெரியாது. அவ வேலியைப் பார்க்கிறா, வேலிக்குள் அம்மா காயப்போட்ட சேலையைப் பார்க்கிறா, அதற்குப் பின்னால் தன் மரத்தைப் பார்க்கிறா.

அம்மாவுக்கு அவவைக் கண்ட சந்தோசம். “எங்கட விறகுக்காரி எல்லே! கிழங்கு விக்கக் கொண்டந்திருக்கிறாள், பாருங்கோ” என்று சொல்லிச் சில்லறையை எடுத்துக்கொண்டு ஓடினா. அந்த அம்மா கையை நீட்டவில்லை. அப்பா வந்தார். சாரதியும் வந்தான்.

“நடுவதற்கு வந்தேன்,” என்றா. “நிலம் இளைப்பாறி முடிந்துவிட்டது.”

“இது இப்ப அரசாங்கக் காணி எண்டு சொல்லு. வீடு குடுத்தது காணாதாமோ? கொண்டுபோய்ப் புது இடத்தில நடச் சொல்லு.”

“அங்கே எங்களுக்கு நிலம் தரவில்லை.”

சாரதி இதைச் சொன்னபோது அப்பா வேறு பக்கம் பார்த்தார். பிறகு அந்த அம்மா கூடையைத் தோளிலிருந்து இறக்கினா. வேலிக்கு மேலால், குழந்தையைக் கொடுப்பது மாதிரி இரண்டு கையாலும், என் அம்மாவிடம் கொடுத்தா.

“அப்படியென்றால் நீங்கள் நடுங்கள். இளைப்பாறி எழும்பிய நிலத்தை வெறுமையாக விடக்கூடாது.”

சாரதி சொல்லி முடித்தான். அப்பாவுக்கு அவவை அனுப்பினால் போதும் என்றிருந்தது. “ஓம், ஓம், நடுவம் எண்டு சொல்லு” என்றார். அவ தலையை ஆட்டிவிட்டு மண்வெட்டியை வெறும் தோளில் வைத்துக்கொண்டு திரும்பிப் போனா. அதற்குப் பிறகு நாங்கள் அவவைக் காணவில்லை.

அன்று மத்தியானம் அம்மா அந்தக் கிழங்கை அவித்தா. கட்டைச் சம்பலோடு சாப்பிட்டோம். பஞ்சுபோல் அவிந்த நல்ல கிழங்கு. அப்பா மூன்று தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். “விதைக்கு எடுத்து வைச்சதெல்லே, அதுதான் உந்த ருசி” என்றார். அப்படியானால் அது விதை என்று தெரிந்துதான் சாப்பிட்டிருக்கிறார். அந்த ருசியைத்தான் சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். அந்த ருசியைத்தான் தம்பி படையலில் வைக்கச் சொல்கிறான்.

மிச்சக் கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். ஒப்பந்தம் முடிந்தது. ஊரில் தீ எரிந்தது. அங்கே போக முடியாமல் இங்கே வந்து இறங்கினோம். ஒரு நாட்டுக்குத் தலைநகரம் எழுப்பிய பெருமகன் இங்கே டோர்வல் விமான நிலையத்தில் பயணிகளின் பெட்டி ஏற்றினார். குனிந்து குனிந்து நாரி பிடிக்கும்வரை ஏற்றினார். அதற்காக நான் அவரைக் குறைவாக நினைத்ததில்லை. அவருடைய உழைப்பில் படித்தவள் நான். அம்மா அவருக்கு முந்திப் போய்ச் சேர்ந்துவிட்டா. அந்த நேரமெல்லாம் ஊர்க்காணியை ஆமி பிடித்துச் சுற்றிவர முட்கம்பி வேலி போட்டிருந்தது. “என்ர காணியில அவன் வேலி போட்டிட்டான்” என்று அப்பா குளிர்காலம் முழுவதும் யன்னலடியில் இருந்து சொல்லிக்கொண்டே இருப்பார்.

பல வருடம் கழித்து ஆமி பிடித்ததில் ஒரு துண்டை விடுவித்தார்கள். ஒன்றுவிட்ட அண்ணை ஒருவர் போய் நின்று கைபேசியில் படம் காட்டினார். ஒரே பற்றை. வீடு இல்லை, வேலி இல்லை, ஒரு கதியால்கூட இல்லை. எது எவருடையது என்று தெரியவில்லை, எல்லையைக் காட்டு என்று அங்கே கேட்கிறார்களாம் என்று அண்ணை சொன்னார். அப்பா கைபேசியை என் கையிலிருந்து பறித்தார்.

“என்ர காணி எனக்குத் தெரியாதோ? அந்தா கிணத்துக்கட்டு. அதிலயிருந்து அந்தப் பனை. பனையிலயிருந்து வாய்க்கால் கல்லு. என்ர அப்பு காலத்துக் காணி! வேலி இல்லாட்டி என்ன, காணி இல்லையெண்டு ஆகிவிடுமே?”

அழுதார். தொண்ணூறு வயதை நெருங்கிய மனிதர் விக்கி விக்கி அழுதார். எனக்கும் அழுகை வந்தது. ஆனால் முப்பது நாற்பது வருடமாக நான் சொல்லாமல் வைத்திருந்ததும் அப்போதுதான் வெளியே வந்தது.

“அப்பா, அந்த விறகுக்கார மனுசியும் உப்பிடித்தானே காட்டினவ. பாறையையும் மரத்தையும் ஓடைக் கல்லையும்.”

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார். யார் என்று கேட்கவில்லை. அவருக்கு நல்ல ஞாபகம் இருந்தது.

“அது வேறை, பிள்ளை. அவைக்கு வேலி இருக்கேல்லை.”

அவ்வளவுதான். போன மாதம் அவரை எரித்துவிட்டோம்.

நான் கோபத்தில் எழுதுகிறேன் என்று நினைப்பீர்கள். ஓம், கோபத்தில்தான். காணி விடுவிப்புக்குக் கையெழுத்துக் கேட்டு மெட்ரோ வாசலில் பனிக்குள் நின்றவள் நான். என்னோடு உங்களில் எத்தனையோ பேர் நின்றீர்கள். அது பற்றைக்காடு, ஆள் இல்லாத இடம் என்று எவனாவது சொன்னால் உங்களுக்கு எப்படிக் கொதிக்கும்? அதே சொல்லை அச்சடித்து, அப்பாவின் படத்துக்குக் கீழே போட்டு, ஞாயிற்றுக்கிழமை உங்கள் கையில் தரப்போகிறான் என் தம்பி. வாங்கிக்கொள்ளுங்கள். முதல் வரியை வாசிக்கும்போது, உங்கள் காணியைப் பற்றை என்று சொன்னவனின் குரலில் வாசித்துப் பாருங்கள். எனக்காக அதையாவது செய்யுங்கள்.

கிழங்கு வாங்கினேன்தான். எங்கள் தெரு முனையில் ஆப்பிரிக்கக் கடை இருக்கிறது. தம்பி கேட்டான் என்று பழக்கத்தில் போய் வாங்கி வந்து குசினி யன்னலடியில் வைத்தேன். கத்தியை எடுத்தேன், வெட்ட முடியவில்லை. இரண்டு கிழமையாக அங்கேயே கிடக்கிறது. நேற்றுத் திரும்பவும் தம்பி எடுத்தான்.

“அக்கா, பக்கம் எழுதியாச்சோ?”

“எழுதியிட்டன். நீ போடமாட்டாய்.”

“சரி, அதைப் பேந்து பாப்பம். கிழங்கு? ஞாயிறு காலமை அவிச்சால் காணும், சூடாக் கொண்டரலாம்.”

“அவிக்கமாட்டன்.”

“ஏன் அக்கா? அப்பாவுக்கு அவ்வளவு விருப்பம்...”

“அது அவியுங்கோ எண்டு தந்ததில்லையடா,” என்றேன். “நடுங்கோ எண்டு தந்தது. அப்பா ஓம் எண்டவர்.”